வெளிச்சந்தின்னியின் பத்தொன்பது படங்கள்

அவர் யாரையும் நேராகப் பார்க்கமாட்டார். பேசுகிறவரின் காதையோ தோளையோ பார்த்துத்தான் பதில் சொல்வார். கணபதி என்கிற பகுதியில் நாங்கள் வேலை பார்த்த பம்புசெட் கம்பெனியில் இதற்கு ஆளுக்கொரு விளக்கம் இருந்தது. மெஷின் ஷாப்பில் திமிர் என்றார்கள். ஆபீஸில் கூச்சம் என்றார்கள். பேட்டர்ன் மேஸ்திரி மட்டும், "அந்தம்மா நம்மளப் பாக்கறதில்லீங்க. நமக்குப் பின்னாடி எவனோ நிக்கறான், அவனப் பாக்குது," என்று சொல்லிவிட்டு ஒருமுறை தானே திரும்பிப் பார்த்துக்கொண்டார்.

காரணம் அவர் கண்ணில் இருந்தது. பார்வையின் நட்டநடுவில் ஒரு கருப்பு விழுந்து மாதாமாதம் வளர்ந்துகொண்டிருந்தது. படம் வரைவது அவர் வேலை. கண் போகிறது என்று தெரிந்தால் வேலை போய்விடும். கணவர் வேலை பார்த்த மில் மூடிக் கிடந்த அந்த வருடங்களில் அந்த வீடு அவர் வேலையை நம்பித்தான் நின்றது. ஆகவே மறைத்தார். மறைத்ததோடு நிற்காமல் அந்தக் கருப்புக்கு ஒரு பெயர் வைத்தார், அதைச் சுற்றி ஏழு உலகங்களைச் சுழலவிட்டார், மதியச் சாப்பாட்டு நேரத்தில் எனக்குக் கதையாகச் சொன்னார். நான் அதைக் கதை என்றே நம்பித் தேதி போட்டு எழுதிவந்தேன். பதினெட்டு மாதம்.

1994 பிப்ரவரியில் ஸ்டோர் கீப்பராக அங்கே சேர்ந்தேன். எதற்கும் தேதி குறித்து வைப்பது எனக்குப் பள்ளி நாட்களிலேயே ஒட்டிக்கொண்ட பழக்கம். மழை பெய்த நாள், லாரி வந்த நேரம், நூலகத்திலிருந்து புத்தகம் எடுத்த நாள், படித்து முடித்த நாள். அதனால் அவரைப் பற்றி எழுதும்போது ஞாபகத்தை மட்டும் நம்பவேண்டியதில்லை. பெயரை மட்டும் எழுதப்போவதில்லை. அவருடைய இரண்டு மகள்களும் இதே ஊரில்தான் இருக்கிறார்கள்.

டிராயிங் செக்ஷனில் அவர் டிரேசர். இன்ஜினியர் பென்சிலில் போட்ட படத்தின் மேல் டிரேசிங் பேப்பரை விரித்து, மைப்பேனாவால் கோட்டுக்குக் கோடு எடுக்கவேண்டும். அந்த டிரேசிங்தான் அமோனியா பிரிண்டாகிப் பேட்டர்ன் ஷாப்புக்குப் போகும். அங்கே மரத்தில் அச்சாகி ஃபவுண்டரிக்குப் போகும். ஃபவுண்டரியிலிருந்து இரும்பாகி என் ஸ்டோருக்கு வந்து இறங்கும். அவர் பேனாவில் ஒரு வட்டம் விட்டுப்போனால் இரும்பிலும் அது இருக்காது. பதினாறு வருடத்தில் அப்படி ஒன்றும் விட்டுப்போகவில்லை. படத்தின் மூலையில் 'சரிபார்த்தவர்' என்று ஒரு கட்டம் உண்டு. அதில் கையெழுத்துப் போடவேண்டிய செக்ஷன் தலைவர் சீஃப், இவர் எடுத்த படம் என்றால் பார்க்காமலேயே போடுவார்.

'கொஞ்சம்' என்ற சொல் அவருக்கு ஆகாது. கேண்டீன்காரர் கெட்டிலைச் சாய்த்துக்கொண்டு "கொஞ்சம் போதுமுங்களா?" என்றால், "அடியிலிருந்து ஒன்றரை இஞ்ச்சுங்க," என்பார். பஸ்ஸில் ஒரு பெண் "கொஞ்சம் தள்ளி உக்காருங்க" என்றதற்கு "எத்தனை விரக்கடைங்க?" என்று கேட்டுச் சண்டை வந்ததை அவரே சொல்லிச் சிரித்திருக்கிறார். சின்ன மகள் காய்ச்சலில் கிடந்தபோது சீஃப் அக்கறையாக, "பாப்பாவுக்குக் கொஞ்சம் பரவால்லீங்களா?" என்று கேட்டார். "காத்தால நூத்தியொண்ணு புள்ளி நாலுங்க. நேத்தைக்கு நூத்திரண்டு," என்று பதில் வந்தது. சீஃப் தன் பலகைக்குத் திரும்பிவிட்டார்.

முதல் படத்தை அவர் போட்டதை நான் பார்த்திருக்கிறேன். 1994 ஜூன் ஒன்று, புதன்கிழமை. வேலை தொடங்கும் மணி இன்னும் அடிக்கவில்லை. மைப்புட்டி கொடுக்க மாடிக்குப் போயிருந்தேன். பலகையில் ஒரு டிரேசிங் தாளைக் குத்தி, மூலைக்கு மூலை இரண்டு நீளக் கோடுகள் இழுத்திருந்தார். இடது கண்ணைக் கையால் பொத்திக்கொண்டு, கோடுகள் வெட்டிக்கொள்ளும் இடத்தில் வலது கண்ணை நிறுத்தி, பென்சில் முனையைத் தாளின் ஓரத்திலிருந்து மெல்ல நடுவுக்கு நகர்த்திவந்தார். சட்டென்று நிறுத்தி ஒரு புள்ளி வைத்தார். மறுபடி வேறொரு ஓரத்திலிருந்து. இப்படி முப்பது புள்ளி இருக்கும். பிறகு புள்ளிகளைச் சேர்த்தார். அவரைக்கொட்டை போல் ஒரு வடிவம் வந்தது. உள்ளே மை நிரப்பினார்.

"ஒத்தக் கண்ணப் பொத்திட்டு என்னங்கக்கா பண்றீங்க?"

"டெலஸ்கோப்புல பாக்கறவங்க ரெண்டு கண்ணுலயுமுங்களா பாக்கறாங்க?"

"அப்படி எதப் பாக்கறீங்க?"

"ஒரு நட்சத்திரமுங்க தம்பி. மத்ததெல்லாம் வெளிச்சம் குடுக்கும். இது வாங்கிக்கும்."

பெயர் கேட்டேன். கையைக் கண்ணிலிருந்து எடுக்காமல் யோசித்தார். "எறும்பத் தின்னா எறும்புதின்னி. இது வெளிச்சந்தின்னி."

கண் ஆஸ்பத்திரியில் அவருக்குச் சொல்லியிருந்ததை வெகுநாள் கழித்துத்தான் அறிந்தேன். மருந்து கிடையாது. கண்ணாடி உதவாது. முழு இருட்டாகாது, ஓரப் பார்வை கடைசிவரை நிற்கும். எவ்வளவு பரவுகிறது என்று மாதம் ஒருமுறை குறித்துக்கொள்ளுங்கள். இவ்வளவுதான் சொன்னார்கள். அவர் அதோடு ஒன்று சேர்த்துக்கொண்டார்: வேலை செய்யும்போது முகம் பலகையிலிருந்து எத்தனை அங்குலத்தில் இருக்குமோ, அதே தூரத்தில் வைத்துத்தான் அளந்தார். ஒவ்வொரு மாதமும் முதல் வேலைநாள் காலையில். அளந்து முடித்த படத்தை வீட்டுக்குக் கொண்டுபோக முடியாது, மகள்கள் கேட்பார்கள். ஆகவே என்னிடம் கொடுத்தார். நான் தேதியும் வரிசை எண்ணும் போட்டு ஃபைலில் கோத்தேன். வானியல் புத்தகங்கள் நிறையப் படித்திருந்த எனக்கு, கணபதியில் ஒரு பெண் புதிதாக ஒரு பிரபஞ்சத்தையே செய்துகொண்டிருக்கிறார், அதன் ஒரே வரலாற்றாசிரியன் நான் என்ற பெருமை இருந்தது.

அந்தப் பிரபஞ்சத்துக்கு விதிகள் உண்டு. வெளிச்சந்தின்னி தின்றதைத் திருப்பித் தராது. எந்தப் பக்கம் திரும்பினாலும் அது முன்னால்தான் நிற்கும். இரண்டாவது விதியை நான் ஏற்கவில்லை.

"நட்சத்திரம்னா ஒரு எடத்துல இருக்கோணுமுங்களே. நான் திரும்புனா அதெப்படிக் கூடத் திரும்பும்?"

"உங்க பிரபஞ்சத்துல திரும்பாது. எங்க பிரபஞ்சத்துல திரும்புமுங்க."

கருந்துளை என்று ஒன்று இருக்கிறது, விஞ்ஞானிகள் சொல்லிவிட்டார்கள், நீங்கள் சொல்வதும் அதுதான் என்று விளக்கினேன். தயிர்சாதத்தைப் பிசைந்துகொண்டே முழுக்கக் கேட்டார். "தொளைன்னா அந்தப் பக்கம்னு ஒண்ணு இருக்குமுங்க. இதுக்கு அந்தப் பக்கமே இல்ல."

நட்சத்திரத்துக்கு மிக அருகில் இருக்கும் உலகத்துக்கு விளிம்பூர் என்று பெயர். அங்கே எதையும் நேராகப் பார்க்கக்கூடாது. பார்த்தால் பார்த்த பொருள் மறைந்துவிடும். ஆகவே அந்த ஊரில் மரத்தைப் பார்க்கவேண்டும் என்றால் பக்கத்துப் பாறையைப் பார்ப்பார்கள். தாய்மார் குழந்தையின் தோளைப் பார்த்துத்தான் கொஞ்சுவார்கள். விருந்தாளி முகத்தை உற்றுப் பார்ப்பது பெரிய அவமரியாதை. இரண்டாம் உலகத்தில் வெளிச்சத்தைப் பானையில் அடைத்து அந்தியூர்ச் சந்தையில் மாடு விற்பதுபோல் துண்டுக்கடியில் விரலைப் பிடித்து விலை பேசுவார்கள். மூன்றாம் உலகம் வாசிக்கிறவர்களின் உலகம். அங்கே சுவர், கதவு, தோசைக்கல் எல்லாவற்றிலும் எழுதியிருக்கும். எனக்குப் பிடித்தது அதுதான். என் குறிப்பில் அதற்கு மட்டும் பதினொரு பக்கம் இருக்கிறது.

"அந்த நட்சத்திரத்துக்கு இவங்க மேல என்னங்க கோவம்?" என்று ஒருநாள் கேட்டேன்.

"கோவமெல்லாம் இல்லீங்க. பசிதான்."

1994 நவம்பர்ப் படத்தை அக்டோபர்ப் படத்தின் மேல் வைத்துப் பார்த்தேன். கோட்டுக்குக் கோடு பொருந்தியது. எனக்கு ஏமாற்றம்.

"இந்த மாசம் வளரவே இல்லீங்களே அக்கா. கதை நகரலையே."

அவர் தாளை வாங்கி முகத்துக்குக் கிட்டே கொண்டுபோனார். "நெசமாலுமுங்களா?"

"ஒரு நூல் அளவுகூட இல்லீங்க."

அன்று சாயங்காலம் பஸ் ஸ்டாப்புக்குப் போகும் வழியில் அவர் ஏதோ முணுமுணுத்துப் பாடிக்கொண்டு போனதை எழுதி வைத்திருக்கிறேன். ஏன் என்று எழுதவில்லை. தெரியாது. டிசம்பர்ப் படத்தில் அரை அங்குலம் கூடியிருந்தது. நீட்டும்போது, "இந்தாங்க, ஆசைப்பட்டீங்கல்ல, வளந்துருச்சு," என்றார். நான் நன்றி சொன்னேன்.

1995 மார்ச் மாதத் தாளில் இரண்டு கருப்புகள் இருந்தன. வலது பக்கம் பழையது. இடது பக்கம் கடுகளவில் ஒன்று.

"அதுக்குத் தம்பி பொறந்திருக்குதுங்க," என்றார்.

கதை சூடுபிடிக்கிறது என்று நினைத்தேன். இரட்டை விண்மீன்களைப் பற்றிப் படித்ததையெல்லாம் மதியம் முழுவதும் சொன்னேன். அவர் சாப்பாட்டு டப்பாவைத் திறக்கவே இல்லை. காதைப் பார்த்துப் பேசுவது அந்த மார்ச்சுக்குப் பிறகுதான் முற்றியது. அதுவரை ஒரு கண் நன்றாக இருந்தது. மே மாதம் மூன்றாம் உலகத்தை வெளிச்சந்தின்னி தின்றுவிட்டதாக அறிவித்தார். வாசிக்கிறவர்களின் உலகம். எனக்கு உண்மையாகவே கோபம் வந்துவிட்டது.

"காரணமே இல்லாம ஒரு ஒலகத்த எப்படிங்க அழிக்கறது? ஒரு போரு, ஒரு சாபம், என்னமாச்சும் வேணுமுங்களே!"

"அது காரணம் கேட்டுட்டா திங்குது?" என்றார். பிறகு, யாரிடமோ சொல்வதுபோல், "பேப்பர்ல தலைப்பு மட்டும் தெரியுதுங்க. மத்ததெல்லாம் எறும்பு ஊர்ற மாதிரி," என்றார். அதையும் மூன்றாம் உலகத்தின் கடைசி நாட்கள் என்ற தலைப்பில் எழுதிக்கொண்டேன்.

அந்த வருடம் தீபாவளிக்கு மறுநாள் காலை சூரிய கிரகணம். அக்டோபர் 24, செவ்வாய். நான் மொட்டைமாடியில் பழைய எக்ஸ்ரே ஃபிலிமை வைத்துப் பார்த்து நிமிடத்துக்கு நிமிடம் குறித்தேன். லீவு முடிந்து வந்ததும் நீங்கள் பார்த்தீர்களா என்று அவரைக் கேட்டேன். கதவைச் சாத்திக்கொண்டு தூங்கினாராம். "தெனமும் பாக்கறதுதானுங்க. அதுக்குப் போயி மாடி ஏறோணுமா?"

டிசம்பர் நான்காம் தேதி, திங்கட்கிழமை, புது மாடல் பம்பின் உடல் நாற்பது ஃபவுண்டரியிலிருந்து வந்து என் ஸ்டோரில் இறங்கியது. நான் எண்ணி அடுக்கினேன். சின்ன முதலாளி வந்து ஒன்றைச் சுற்றிச் சுற்றிப் பார்த்தார். கோபத்திலும் 'ங்க' விடாத மனிதர்.

"மேஸ்திரி, தண்ணி எங்கீங்க ஊத்தறது?"

எங்கள் பம்பு ஓடவேண்டும் என்றால் முதலில் மேலே இருக்கும் துளை வழியாகத் தண்ணீர் ஊற்றி நிரப்பவேண்டும். துளை போட அங்கே ஒரு மேடு வேண்டும். நாற்பதிலும் மேடு இல்லை. தலை வழுவழுவென்று இருந்தது.

மேஸ்திரி தலையைச் சொறிந்தார். "நானும் பாத்தேனுங்க. படத்துல இல்லீங்க. புது மாடலாச்சே, தண்ணியத் தானா இழுத்துக்குமோ என்னமோன்னு நெனச்சுப்போட்டேன்."

"ஒரு வார்த்தை கேக்கறதுக்கென்னங்க?"

"அந்தம்மா எடுத்த படத்துல போயி நாங்க என்னத்தக் கேக்கறதுங்க?"

எல்லோரும் மாடிக்குப் போனோம். பென்சில் படத்தையும் டிரேசிங்கையும் கண்ணாடி மேசைமேல் பக்கத்தில் பக்கத்தில் போட்டார்கள். டிரேசிங்கில் ஜூலை மாதத் தேதி. பென்சில் படத்தில், மேலிருந்து பார்க்கும் தோற்றத்தில், நட்டநடுவே ஒன்றுக்குள் ஒன்றாக இரண்டு சின்ன வட்டங்கள் இருந்தன. டிரேசிங்கில் அந்த இடம் வெறுமையாக இருந்தது. சுற்றியிருந்த மற்ற எல்லாக் கோடும் அச்சு அசலாக வந்திருந்தது.

சின்ன முதலாளி பென்சில் முனையை வட்டத்தில் வைத்தார். "இங்க பாருங்கக்கா."

அவர் குனிந்தார். முகம் தாளின் ஓரத்தை நோக்கித் திரும்பியிருந்தது. "எங்கீங்க சார்?"

"இங்கதானுங்க."

"எங்கீங்க?"

மூன்றாவது முறை கேட்கவில்லை. விரலைத் தாளின் விளிம்பில் வைத்து, மெல்ல மெல்ல நடுவுக்கு நகர்த்திவந்து, பென்சில் முனையில் முட்டி நிறுத்தினார். அந்த விரல் வந்த விதம் எனக்குத் தெரியும். அடுத்த நொடியில் என் ஃபைலில் இருந்த பத்தொன்பது தாள்களும் என்ன என்று தெரிந்துவிட்டது.

"அக்கா, கண்ணுல ஏதாச்சுங்களா?" சின்ன முதலாளியின் குரல் இறங்கியிருந்தது. "எப்பத்தில இருந்துங்க?"

அவர் வாயைத் திறப்பதற்குள் நான் பேசிவிட்டேன். "கிரகணத்தன்னைக்குச் சூரியனப் பாத்துட்டாங்களாமுங்க சார். வெறுங்கண்ணுல."

அறையில் இருந்த எல்லோரும் உச்சுக்கொட்டினார்கள். எல்லோர் வீட்டிலும் அன்று யாராவது யாரையாவது பார்க்காதே என்று அதட்டியிருந்தார்கள். அதனால் உடனே நம்பினார்கள். சின்ன முதலாளி கணக்குப் போட்டார். "அப்ப அக்டோபருக்கு அப்பறம் எடுத்த படத்த மட்டும் சீஃப் ஒருக்காப் பாத்துருங்க. இது ஜூலை. பதினாறு வருசத்துல ஒண்ணு உட்டுப்போச்சு, போகட்டும். அக்கா இனிமேல் பிரிண்ட் ரூமப் பாத்துக்கட்டும்."

வேலை தப்பியது. ஒரு தேதியை மாற்றிச் சொன்னதில் தப்பியது.

மதியம் ஸ்டோருக்கு வந்தார். டப்பாவைத் திறந்தார். மூடினார்.

"நீங்க பொய்யே சொல்லமாட்டீங்கன்னு நெனச்சிருந்தேன் தம்பி."

"நானுந்தானுங்க." எனக்கு அதைவிட வேறொன்று நெஞ்சில் கிடந்தது. "அக்கா, போன வருசம் நவம்பர்ல, வளரலையேன்னு உங்ககிட்ட..."

"கேட்டீங்க. நானே அளந்ததுதான், ஆனாலும் என் அளவு மேல எனக்குச் சந்தேகமுங்க. நீங்க ரெண்டு தாளையும் வெச்சுப் பாத்துச் சொன்னீங்களா, அப்பத்தான் நம்பினேன். அன்னைக்கு ஊட்டுல பணியாரம் சுட்டேன்."

பிரிண்ட் ரூம் வேலைக்குக் கண் அதிகம் வேண்டாம். டிரேசிங்கையும் மருந்து பூசிய பிரிண்ட் தாளையும் சேர்த்து மெஷினில் விட்டு எடுத்தால் போதும். ஆனால் அந்த வாரம் அவரால் ஒரு இடத்தில் இருக்க முடியவில்லை. அமோனியா நெடிக்குக் கதவைத் திறப்பதுபோல் பத்து நிமிடத்துக்கு ஒருமுறை வெளியே வந்து வராந்தாவில் நடந்தார். படிகளை எண்ணிக்கொண்டு இறங்குவார், என் ஸ்டோர் வாசல்வரை வருவார், ஒன்றும் சொல்லாமல் திரும்பி ஏறுவார். வியாழக்கிழமை அப்படி நான்கு முறை வந்தார். நான்காவது முறை உள்ளே வந்தார்.

"ஆகஸ்ட்டுல ஒரு கப்ளிங் எடுத்தேனுங்க."

கப்ளிங் என்பது மோட்டாரையும் பம்பையும் இணைக்கும் இரும்புத் துண்டு. மோட்டாரோடு சேர்ந்து சுழலும்.

"அதுல லாக் பின்னுக்கு நடுவுல ஒரு தொளை. பொடிசு. அத எடுத்தனா உட்டுப்போட்டனான்னு ஞாபகமே இல்லீங்க. பின் இல்லாட்டி கப்ளிங் கழண்டு பறக்கும். கெணத்து மேட்டுல எவனாச்சும் சுச்சப் போட்டுட்டு நின்னுட்டிருப்பான்."

"எடுத்திருப்பீங்கக்கா."

"எடுத்திருப்பேன்கறது ஒரு அளவுங்களா?"

நான் ரகசியமாகப் பார்த்துச் சொல்கிறேன் என்றேன்.

"உங்களுக்குப் படம் படிக்கத் தெரியுமுங்களா?"

தெரியாது. தெரிந்த ஒரே ஆள் சீஃப். சீஃபிடம் ஆகஸ்ட் படத்தை எடுக்கச் சொன்னால் ஏன் என்று கேட்பார். அக்டோபருக்கு முந்தைய படம்.

வெள்ளிக்கிழமை அந்தப் பத்தொன்பது தாளையும் கேட்டார். வீட்டில் இருக்கிறது என்றேன். மேசை டிராயரில்தான் இருந்தது. சனிக்கிழமை கேட்டார். மறந்துவிட்டேன் என்றேன். "நீங்களா மறக்கறவரு?" என்றார். ஞாயிற்றுக்கிழமை முழுவதும், அவர் வேலையை நானே இன்னொரு முறை காப்பாற்றிக்கொண்டிருப்பதாக எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். கிணற்றுமேட்டில் நிற்கும் அந்த முகமில்லாத ஆளை நினைக்காமலிருக்க முடியவில்லை. டிசம்பர் பதினொன்றாம் தேதி காலை அவர் வாசலில் வந்து நின்றதும், கேட்பதற்கு முன்பே ஃபைலை நீட்டிவிட்டேன்.

"நீங்களும் வாங்க. தேதி படிக்க ஆள் வேணுமுங்க," என்றார்.

சின்ன முதலாளியையும் சீஃபையும் கண்ணாடி மேசைக்கு வரச்சொல்லி, அடியில் டியூப்லைட்டைப் போட்டார். ஜூன் 1994 தாளை விரித்தார்.

"இது என்னங்க?" என்றார் சின்ன முதலாளி.

"ஒரு நட்சத்திரமுங்க சார். வெளிச்சத்தத் தின்னும். என் கண்ணுல இருக்குது. கிரகணத்துக்கும் இதுக்கும் சம்பந்தமில்லீங்க. இந்தத் தம்பி எனக்காகச் சொன்னது. வந்து ஒன்றரை வருசத்துக்கு மேலாச்சு."

பதிலுக்கு அவர் காத்திருக்கவில்லை. எப்படிப் பார்க்கவேண்டும் என்று சொல்ல ஆரம்பித்துவிட்டார். எந்தப் படத்திலும் அவர் கண்ணை முதலில் நிறுத்துவது மையக்கோடுகள் வெட்டிக்கொள்ளும் இடத்தில்தான். அங்கிருந்துதான் சுற்றிலும் எடுப்பார். ஆகவே ஒவ்வொரு டிரேசிங்கையும் மேசையில் போட்டு, அதே மாதத்து நட்சத்திரத் தாளை அதன் மேல் வைத்து, ஒவ்வொரு வெட்டுப்புள்ளிக்கும் நகர்த்தவேண்டும். கருப்புக்குள் முழுக்க அடங்குகிற இடத்தைப் பென்சில் படத்தோடு ஒப்பிடவேண்டும். மற்ற இடங்களைப் பார்க்கவேண்டியதில்லை. ஒரு கண் நன்றாக இருந்த மாதங்களையும் பார்க்கவேண்டியதில்லை. வலது கண்ணின் கருப்பும் இடது கண்ணின் கருப்பும் ஒன்றன்மேல் ஒன்று விழும் இடம் மட்டும்தான்.

"உள்ள போனது எனக்கு இருட்டாத் தெரியாதுங்க," என்றார். "வெறுந்தாளாத்தான் தெரியும். மனசே பூசி மெழுகிக்கும். அதுனாலதான் உட்டது தெரியல."

மூன்று நாள் ஆயிற்று. நான் தேதி படித்தேன். அவர் தாளை நகர்த்தினார். சீஃப் பார்த்துச் சொன்னார். மார்ச்சுக்குப் பிறகு எடுத்த படங்கள் எல்லாவற்றிலுமாகச் சேர்த்து இன்னும் இரண்டு இடங்கள் விட்டுப்போயிருந்தன. இரண்டும் பேட்டர்ன் ஷாப்புக்கே போகாத படங்கள். கப்ளிங் படத்தை இரண்டாம் நாள் மதியம் போட்டார்கள்.

"இருக்குதுங்க," என்றார் சீஃப்.

"இன்னொருக்காப் பாருங்க."

"இருக்குதுங்கம்மா. பின் தொளை. நடுவுல. சுத்தமா இருக்குது."

அவர் மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார். சின்ன முதலாளி, "நீங்க இதச் சொல்லாமயே இருந்திருக்கலாமுங்கக்கா," என்றார்.

"இருந்திருக்கலாமுங்க சார். இருக்குதுன்னு தெரிஞ்சிருந்தா."

பெரிய முதலாளியிடம் சின்ன முதலாளி பேசிப் பார்த்தார். தெரிந்தே மறைத்து வரைந்த ஆளை எந்த ரூமிலும் வைத்துக்கொள்ள முடியாது என்று பதில் வந்தது. மாதக் கடைசி வரைக்கும் என்றார்கள். டிசம்பர் முப்பது, சனிக்கிழமை. கேட்டுக்கு வெளியே வேப்பமரத்தடியில் பஸ்ஸுக்கு நின்றிருந்தார். ஃபைலைத் திருப்பிக் கொடுக்கப் போனேன். வாங்கிக்கொண்டார். ஏழு உலகத்தில் மிச்சம் எத்தனை என்று கேட்டேன்.

"விளிம்பூர் இருக்குதுங்க. அது போகாதுன்னு டாக்டரே சொல்லிட்டாரு." பிறகு, "நில்லுங்க தம்பி. ஆடாதீங்க," என்றார்.

என் முகத்துக்கு முன்னால் வந்து நின்று, என் இடது காதைப் பார்த்தார். பிறகு நெற்றிக்கு மேலே. வலது தோள். சட்டைக் காலர். ஒவ்வொரு இடத்திலும் கண்ணை நிறுத்தி, எண்ணுவதுபோல் உதட்டை அசைத்து, அடுத்த இடத்துக்குப் போனார். முகத்தைச் சுற்றிலும் போய்வந்து, பாதியில் நின்றார்.

"மீசை வெச்சிருக்கீங்களா?"

"ஆமாங்க."

"எப்ப இருந்துங்க?"

"சித்திரையில வெச்சேனுங்க."

"எட்டு மாசம்," என்றார். தினமும் எதிரில் உட்கார்ந்து சாப்பிட்ட எட்டு மாதம். முகம் ஒரு கணம் கலங்கியது. பிறகு கேட்டார்: "நல்லா இருக்குதுங்களா?"

"நல்லா இல்லைன்னுதான் எல்லாரும் சொல்றாங்க."

பஸ் வந்து நின்றது. நம்பரைப் படித்துச் சொன்னேன். படியில் காலை வைத்து, என் காதைப் பார்த்துச் சிரித்தார்.

"அப்ப எடுத்துருங்க. நான் எடுத்துட்டதாவே வெச்சுக்கறேன்."